கல்லில் எழுதிய கணக்கு

(அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)

உத்திரமேரூர் வைகுண்டப் பெருமாள் கோயிலுக்கு வெளியூரிலிருந்து வருகிறவர்கள் பெரும்பாலும் இரண்டே கல்வெட்டுகளைத் தேடித்தான் வருகிறார்கள். முதலாம் பராந்தகன் ஆட்சியின் 12ஆம், 14ஆம் ஆண்டுகளில், அதாவது கி.பி. 919இலும் 921இலும், ஊர்ச்சபை எழுதிவைத்த குடவோலை விதிகள் அவை. 30 குடும்புகள், ஓலை போடும் குடம், அதிலிருந்து ஓலை எடுக்கும் சிறுவன் என்று பள்ளிப் பாடநூலிலேயே படித்துவிட்டு வருகிறார்கள். 1948 நவம்பரில் அரசியல் நிர்ணய சபையில் டி. பிரகாசம் பேசியபோது காஞ்சிக்கு அருகிலுள்ள ஊரின் இந்தக் கல்வெட்டையே சுட்டிக்காட்டினார். இத்தனை புகழுக்கும் அந்த இரண்டு கல்வெட்டுகள் தகுதியானவை.

ஆனால் இந்த ஊரில் நூற்றுக்கும் மேற்பட்ட கல்வெட்டுகள் உள்ளன. குடவோலை முறையை விரித்துச் சொல்பவை இரண்டே. மற்றவற்றில் பெரும்பகுதி கணக்கு. யார் எவ்வளவு பொன் வைத்தார், அதை யார் வாங்கிக்கொண்டார், ஆண்டுக்கு எவ்வளவு பொலிசை, அதாவது வட்டி, தர ஒப்புக்கொண்டார், அந்தப் பொலிசையில் என்ன நடக்க வேண்டும் என்பதே அவற்றின் பேச்சு. ஒரு சமூகம் எதை மதித்தது என்பதை அதன் பிரசங்கங்களைவிட அதன் கணக்கு நன்றாகச் சொல்லும். அதனால் தேர்தல் கல்வெட்டுகளைச் சற்று ஒதுக்கிவிட்டு, கணக்கு எழுதியிருக்கும் சுவரிலிருந்து இந்தச் சொற்பொழிவு தொடங்குகிறது.

எட்டாம் நூற்றாண்டில் இரண்டாம் நந்திவர்மன் காலத்தில் இந்த ஊர் சதுர்வேதிமங்கலம் என்னும் பிராமணர் குடியிருப்பாக உருவானது. ஊருக்கு உயிர் கொடுத்தது ஏரி. வைரமேகத் தடாகம் என்று கல்வெட்டுகள் அதை அழைக்கின்றன. ஏரியை வெட்டுவது ஒரு தலைமுறையின் வேலை. தூர்வாருவது எல்லாத் தலைமுறைகளின் வேலை. வெட்டியவருக்குப் பெயர் நிற்கும். தூர்வாருகிறவரின் பெயரை யாரும் நினைவில் வைப்பதில்லை, ஆனால் அவர் இல்லாவிட்டால் சில பத்தாண்டுகளில் ஏரி மேடாகிவிடும். பல்லவர் காலத்திலேயே இந்த ஊரார் அதைத் தெளிவாகப் புரிந்துகொண்டிருந்தார்கள். வைரமேகத் தடாகத்தைத் தூர்வாருவதற்கென்றே கொடை வைத்தார்கள்; அதைக் கல்லிலும் வெட்டிவைத்தார்கள். ஏரிக்கென்று ஒதுக்கிய நிலத்துக்குத் தமிழகமெங்கும் ஏரிப்பட்டி என்று பெயர். அந்த நிலத்தின் விளைச்சல் ஏரியின் பராமரிப்புக்குப் போகும். இதையெல்லாம் பார்த்துக்கொள்ள ஏரி வாரியம் என்று ஆறு பேர் கொண்ட குழு இருந்தது.

பொன் வைத்தல் என்ற ஏற்பாட்டைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். கொடுத்தவர் பொன்னைச் சபையிடம் ஒப்படைக்கிறார். சபை அந்த முதலைச் செலவழிக்காமல் வட்டிக்கு விடும் பொலியூட்டாக வைத்து, வரும் பொலிசையைக் கொண்டு சொன்ன காரியத்தைச் செய்கிறது. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் இந்தக் கணக்கு மிகத் துல்லியமாக இருக்கிறது: ஒரு காசுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு பொலிசை, அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை. கோயிலிடமிருந்து முதலை வாங்கிக்கொண்டு ஊர்ச்சபைகளே பொலிசை கட்டின. வட்டி என்னும் கருவியை அந்தக் காலத்தவர் நன்றாகவே அறிந்திருந்தார்கள். அது எதற்குப் பயன்பட வேண்டும் என்பதையும் முதலை ஒப்படைக்கும்போதே சொல்லிவிட்டார்கள்.

பொன்னுக்குப் பதிலாக ஆடு கொடுத்தவர்களும் உண்டு. ஒரு நந்தா விளக்குக்கு 96 ஆடு என்பது தஞ்சையின் கணக்கு. இடையர் அவற்றை ஏற்றுக்கொண்டு நாளொன்றுக்கு உழக்கு நெய் அளக்க வேண்டும். ஆடு கிழடாகும், சாகும், குட்டியும் போடும். மந்தையின் எண்ணிக்கை மட்டும் குறையக் கூடாது. சாவா மூவாப் பேராடு என்று அதைக் கல்வெட்டு சொல்கிறது. பொருளியல் நூல்கள் பக்கம் பக்கமாக விளக்கும் முதல், வருவாய் என்ற வேறுபாடு முழுவதும் அந்த மூன்று சொற்களுக்குள் அடங்கிவிடுகிறது. இன்று ஒரு கல்லூரியில் நடக்கும் அறக்கட்டளைச் சொற்பொழிவும் இதே மரபின் குழந்தைதான்: யாரோ ஒருவர் வங்கியில் வைத்த முதலைத் தொடாமல், அதன் வட்டியில் ஆண்டுக்கு ஒரு நாள் ஓர் உரை நடக்கிறது.

இந்தக் கொடைகளுக்குக் காலக்கெடு உண்டா? கல்வெட்டுகள் சந்திராதித்தவல் என்கின்றன: சந்திரனும் சூரியனும் உள்ளவரை. இதைப் புனித வாய்பாடு என்று தள்ளிவிடலாம். இன்றைய திட்ட மதிப்பீட்டோடு வைத்துப் பார்த்தால் அது ஒரு பொருளாதார நிலைப்பாடு என்று தெரியும். ஓர் அணையோ சாலையோ கட்டலாமா என்று முடிவெடுக்கும்போது, எதிர்காலத்தில் வரும் பயனை ஆண்டுக்கு இத்தனை விழுக்காடு என்று கழித்து இன்றைய மதிப்புக்குக் கொண்டுவருவது வழக்கம். 10 விழுக்காடு கழித்தால், ஐம்பது ஆண்டுக்குப் பிறகு கிடைக்கும் 100 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 85 காசு. நூறு ஆண்டுக்குப் பிறகு கிடைப்பதற்கு ஒரு காசுகூட இல்லை. இந்த முறையில் கணக்குப் போட்டால் பேரன் காலத்தில் ஏரி இருந்தாலும் இல்லாவிட்டாலும் கணக்கில் ஏறக்குறைய ஒன்றுதான். மலையை உடைக்கும் குவாரிக்கும் இதே கணக்குத்தான்: இந்த ஆண்டு உடைக்கும் ஜல்லிக்கு முழு மதிப்பு. மலை இல்லாமல் போன பின்பு ஊர் என்னவாகும் என்பதற்கு 85 காசு. உத்திரமேரூர்ச் சபைக்கும் வட்டி தெரியும். அந்த வட்டியை அவர்கள் பின்னால் வருகிறவர்களின் பங்கைக் கழிக்கப் பயன்படுத்தவில்லை, அந்தப் பங்கு தவறாமல் போய்ச் சேரப் பயன்படுத்தினார்கள். இரண்டு கணக்கிலும் எண்கள் சரிதான். நோக்கம் வேறு.

மதிப்பு என்று ஒன்று நிற்க வேண்டுமென்றால் முதலில் அளவை நம்பக்கூடியதாக இருக்க வேண்டும். பராந்தகன் காலத்தில் ஊராரின் பொன்னை மாற்றுப் பார்ப்பதற்குச் சபை ஆட்களை நியமித்தது. அதற்கு விதிகளும் எழுதியது. பொன்னை உரைகல்லில் உரைத்தால் கல்லில் துகள் ஒட்டும்; அதை மெழுகில் ஒற்றி எடுப்பார்கள். ஒவ்வொரு முறையும் ஒட்டுவது மிகச் சிறிது. ஆனால் ஆண்டு முழுவதும் ஊர்ப்பொன் முழுவதும் அந்தக் கல்லில் உரசினால், மெழுகில் சேர்வது ஒரு சிறு செல்வம். அந்த மெழுகை மாற்றுப் பார்ப்பவர் வைத்துக்கொள்ளக் கூடாது, ஏரி வாரியத்தாரிடம் ஒப்படைக்க வேண்டும் என்று விதித்தார்கள். ஊரின் கல்வெட்டுகளிலேயே மிக அழகான ஏற்பாடு இதுதான். எவருடையது என்று பிரித்துச் சொல்ல முடியாத துகள், எல்லோருக்கும் உரிய நீருக்குப் போனது.

நம்பக்கூடிய அளவையின் அருமை நெல் விற்கப் போகிறவர்களுக்குத் தெரியும். நேரடி நெல் கொள்முதல் நிலையத்தில் ஈரப்பதம் 17 விழுக்காட்டுக்கு மேல் இருக்கக் கூடாது என்பது விதி. மழைக்காலத்தில் அறுத்த நெல்லைச் சாலையோரத்தில் உலர்த்திவிட்டு, கருவி காட்டும் எண்ணுக்காகக் காத்து நிற்கும் விவசாயியின் மொத்தப் பருவமும் அந்த ஒற்றை எண்ணில் தொங்குகிறது. அளக்கும் கருவியும் அளப்பவரும் ஊரார் கண் முன்னே, ஊராருக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டு நிற்க வேண்டும் என்ற கோரிக்கை ஆயிரத்து நூறு ஆண்டுப் பழையது.

இனி உத்திரமேரூரிலிருந்து வடக்கே, பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடும் திருமுக்கூடலுக்குப் போகலாம். அங்கே வெங்கடேசப் பெருமாள் கோயிலில் 11ஆம் நூற்றாண்டின் வீரராசேந்திரன் காலத்து நீண்ட கல்வெட்டு ஒன்று உண்டு. ஒரு பள்ளி, மாணவர் விடுதி, 15 படுக்கைகள் கொண்ட ஆதுலர் சாலை ஆகியவற்றுக்கான முழு வரவு செலவுத் திட்டம் அது. மருத்துவமனைக்கு வீரசோழன் என்று பெயர். மருத்துவருக்கு ஆண்டுக்கு 90 கலம் நெல்லும் 8 காசும். அறுவை செய்பவருக்கு 30 கலம். மூலிகை கொண்டுவர இருவர், தண்ணீர் கொண்டுவர ஒருவர், நாவிதர் ஒருவர். நோயாளிகளைப் பார்த்துக்கொள்ள இரண்டு பெண்கள். அவர்கள் இருவருக்கும் சேர்த்து 30 கலம் நெல்லும் 1 காசும். பள்ளியில் இலக்கணம் சொல்லிக்கொடுத்தவருக்கோ 120 கலம், 10 காசு.

சோழர் காலத்தில் மருத்துவமனை இருந்தது என்று பெருமைப்படுவதோடு இந்தக் கல்வெட்டைப் படித்து முடித்துவிடக் கூடாது. நோயாளியின் தலைமாட்டில் இரவு முழுவதும் விழித்திருந்த பெண்ணுக்கு மருத்துவரின் பங்கில் ஆறில் ஒன்று. இலக்கண ஆசிரியரின் பங்கில் எட்டில் ஒன்று. காசில் பார்த்தால் இடைவெளி இன்னும் பெரிது. விலையைச் சந்தை தீர்மானிக்காத இடத்திலும் பெண்ணின் பராமரிப்பு வேலை மலிவாகவே இருந்திருக்கிறது. பழைய முறை அறம், புதிய முறை வணிகம் என்று எளிதாகப் பிரித்துவிடுகிறவர்கள் இந்தச் சுவரின் முன்னால் கொஞ்ச நேரம் நிற்க வேண்டும்.

தேசிய வருமானக் கணக்கு என்ற நவீனக் கருவி இந்தக் குறையை இன்னும் ஒரு படி முன்னே கொண்டுபோனது. சைமன் குஸ்நெட்ஸ் 1934இல் அமெரிக்க செனட்டுக்குத் தயாரித்த மதிப்பீட்டில் இல்லத்தரசிகளின் வேலையைச் சேர்க்கவில்லை. ஒரு நாட்டின் நலத்தை இந்த எண்ணிலிருந்து அறிந்துகொள்ள முடியாது என்ற எச்சரிக்கையையும் அவரே அதில் எழுதிவைத்தார். உலகம் எண்ணை எடுத்துக்கொண்டு எச்சரிக்கையை விட்டுவிட்டது. இந்தியாவில் 2019இல் நடந்த நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, ஊதியமில்லாத வீட்டு வேலையில் ஈடுபட்ட பெண் ஒருவர் நாளொன்றுக்கு அதில் 299 நிமிடம் செலவிட்டார். அப்படி வேலை செய்த ஆண் 97 நிமிடம். அரிசி களைவதும், பிள்ளையைக் குளிப்பாட்டுவதும், படுத்த மாமியாருக்குக் கஞ்சி ஊட்டுவதும் நாட்டின் உற்பத்தியில் ஒரு ரூபாய்கூட சேர்ப்பதில்லை. அதே வேலையைச் சம்பளத்துக்கு ஆள் வைத்துச் செய்தால் சேரும்.

2023 செப்டம்பர் 15இல் காஞ்சிபுரத்தில் கலைஞர் மகளிர் உரிமைத் தொகைத் திட்டம் தொடங்கப்பட்டபோது இந்தப் பழைய கணக்கில் ஒரு சிறு திருத்தம் நடந்தது. சுமார் 1 கோடியே 6 இலட்சம் பெண்களுக்கு மாதம் 1,000 ரூபாய். நாளொன்றுக்கு ஐந்து மணி நேர உழைப்பை வைத்துப் பார்த்தால் அது கூலியாகாது. ஆயினும் அதை உதவித்தொகை என்று சொல்லாமல் உரிமை என்று அரசு தன் ஏட்டில் எழுதியிருக்கிறது. கணக்கில் தலைப்பு மாறினால் நாளை தொகையைப் பற்றி வாதாட ஒரு பிடி கிடைக்கும். அந்த வகையில் இந்தத் திட்டம் பலர் நினைப்பதைவிட ஆழமானது.

கிழக்கிந்தியக் கம்பெனி இந்த வட்டாரத்துக்கு வந்த கதையையும் கணக்கின் வழியாகவே சொல்லலாம். ஆற்காட்டு நவாபிடமிருந்து 1763இல் செங்கல்பட்டு ஜாகீரைப் பெற்ற கம்பெனி, தாமஸ் பர்னார்டு என்ற அதிகாரியைக் கொண்டு 1767 முதல் 1774 வரை ஏறத்தாழ 2,000 ஊர்களை அளந்து எழுதியது. அதற்கு அடிப்படையாக ஊர்க் கணக்கர்கள் எழுதிய தமிழ் ஓலைகள் பல இன்று தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் இருக்கின்றன. வரலாற்றாளர் தரம்பால் இந்த ஆவணங்களின் பக்கம் ஆய்வாளர்களின் கவனத்தைத் திருப்பினார். ஊருக்கு எத்தனை வீடு, எத்தனை ஏரி குளம், யாருக்கு எவ்வளவு மானியம் என்று ஒவ்வொன்றும் அதில் இருக்கிறது.

களத்தில் நெற்குவியல் பங்கு போடப்பட்ட விதம்தான் அதில் மிகவும் யோசிக்க வைப்பது. அரசுக்கும் உழுதவருக்கும் பிரிப்பதற்கு முன்பே குவியலிலிருந்து பலருக்கும் மேரை என்னும் பங்கை எடுத்து வைத்தார்கள். தச்சர், கொல்லர், குயவர், வண்ணார், நாவிதர், வெட்டியான், கணக்குப்பிள்ளை, ஏரி மடையைத் திறந்து மூடும் நீர்க்கட்டி, கோயில் என்று வரிசை நீள்கிறது. மண்வெட்டி செய்த கொல்லருக்கு மண்வெட்டியின் விலை கொடுக்கப்படவில்லை. அந்த ஆண்டு ஊர் விளைந்ததில் ஒரு பங்கு கொடுக்கப்பட்டது. விளைந்தால் எல்லோருக்கும், பொய்த்தால் எல்லோருக்கும். பங்குகள் சமமாக இருந்தன என்று யாரும் சொல்ல முடியாது. வெட்டியானுக்கும் கணக்குப்பிள்ளைக்கும் ஒரே அளவு விழவில்லை.

வருவாய் ஒன்றையே எதிர்பார்த்து வந்த கம்பெனிக்கு இந்த மேரைகள் ஒழுகலாகவே தெரிந்தன. 1790களில் கலெக்டராக இருந்த லயனல் பிளேஸ், ஏரி உடைந்தால் வரியும் உடையும் என்று அறிந்து மராமத்தில் அக்கறை காட்டினார். மதுராந்தகத்தில் ஏரி காத்த ராமரின் கதையோடு அவர் பெயர் இன்றும் சேர்ந்தே சொல்லப்படுகிறது. ஆனால் வரி ரொக்கமாகி, பங்குகள் தேய்ந்தபோது, ஏரியைக் காக்க ஆள் வைத்திருந்த ஏற்பாடும் தேய்ந்தது. 1858இல் கட்டாய உழைப்புச் சட்டம் கொண்டுவந்து, ஊரார் கூடி ஏரியைப் பழுதுபார்க்கும் குடிமராமத்துக்கு வராதவரைத் தண்டிக்க வேண்டிய நிலை வந்தது. பங்கு இருந்தவரை மக்கள் தாமாக வந்த வேலை அது. பங்கைக் கழித்துவிட்டு கடமையை மட்டும் சட்டத்தால் மீட்க முடியவில்லை. 2017இல் தமிழக அரசு குடிமராமத்தை மறுபடி தொடங்கியதையும், 2005ஆம் ஆண்டுச் சட்டத்தின் நூறு நாள் வேலையை இந்த வட்டாரத்துப் பெண்கள் ‘ஏரி வேலை’ என்றே சொல்லிப் பழகியதையும் இந்தப் பின்னணியில் வைத்தே பார்க்க வேண்டும்.

கணக்கு எழுதியவர்களில் மிகவும் நேர்மையானவர் ஒருவரை இந்த இடத்தில் நினைக்க வேண்டும். ஜே.சி. குமரப்பா 1892இல் தஞ்சாவூரில் பிறந்தார். இலண்டனில் கணக்காயர் பயிற்சி பெற்றார். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பொது நிதி படித்தார். 1929இல் காந்தியைச் சந்தித்த பின் குஜராத்தின் மாதர் வட்டத்தில் வீடு வீடாக வரவு செலவு எடுத்தார். 1945இல் வெளிவந்த ‘நிலைத்த பொருளாதாரம்’ சிறையில் எழுதிய நூல். பொருளாதாரத்தை அவர் ஐந்து வகையாகப் பிரித்தார்: ஒட்டுண்ணி, கொள்ளை, முயற்சி, கூட்டம், தொண்டு. புலி, குரங்கு, பறவை, தேனீ, தாய் என்று இயற்கையிலிருந்தே அவற்றுக்குச் சான்று காட்டினார். பிற்காலத்தில் மதுரை மாவட்டம் தே. கல்லுப்பட்டியில் வாழ்ந்து 1960இல் மறைந்தார். காசு கணக்கில் தேர்ந்த ஒருவரே காசால் அளக்க முடியாததற்கு இலக்கணம் வகுக்க முயன்றது தமிழகத்தின் பெரும் பேறு. அவர் நூல்கள் நம் பொருளியல் வகுப்பறைகளில் இன்னும் உரிய இடம் பெறவில்லை.

குமரப்பாவிடமும் ஒரு கேள்வி மிச்சமிருக்கிறது. ஊர் ஒரு தேன்கூடு என்றால், அந்தக் கூட்டுக்குள் யார்? 921இன் விதிப்படி சபைக்குப் பெயர் எழுத, வரி கட்டும் நிலம் கால் வேலிக்கு மேல் வேண்டும், சொந்த மனையில் வீடு வேண்டும், வேதம் கற்றிருக்க வேண்டும். கணக்குக் காட்டாதவரும் அவர் உறவினரும் கூடாது என்ற விதி இன்றும் மெய்சிலிர்க்க வைப்பது. ஆனால் ஏரியில் இறங்கி மண் சுமந்தவர் அந்தக் கணக்கைக் கேட்க முடியாது. ராஜராஜனின் தஞ்சைக் கல்வெட்டு, ஊர்களின் நிலத்தைக் கணக்கிடும்போது பறைச்சேரியையும் தீண்டாச்சேரியையும் தனித்தனியே பிரித்துச் சொல்கிறது. 1948இல் அம்பேத்கர் கிராமக் குடியரசுப் பெருமையைக் கடுமையாக மறுத்ததை இந்த வரலாற்றோடு சேர்த்தே படிக்க வேண்டும்.

அந்த விலக்கலுக்கு இந்தச் செங்கல்பட்டு வட்டாரமே ஒரு பதிலையும் தந்தது. செங்கல்பட்டு கலெக்டர் ட்ரெமென்ஹீர் 1891 அக்டோபரில் பறையர் மக்களின் நிலைமை பற்றி ஓர் அறிக்கை எழுதினார். உழைப்பவருக்கு வீட்டு மனைகூடச் சொந்தமில்லை, அதனால் எதையும் எதிர்த்துக் கேட்க முடியவில்லை என்று அதில் காட்டினார். 1892 செப்டம்பர் 30 அரசாணையின் வழியாக ஒடுக்கப்பட்ட மக்களுக்கு நிலம் ஒதுக்கும் வழி பிறந்தது. அதுதான் பஞ்சமி நிலம். பத்து ஆண்டுக்கு விற்கக் கூடாது. பிறகு விற்றாலும் அந்த மக்களுக்குள்தான் விற்க வேண்டும். ஏரிப்பட்டி போலவே, நோக்கத்தோடு கட்டிவைத்த நிலம். இந்த முறை நோக்கம், விலக்கி வைக்கப்பட்டவரைச் சேர்த்துக்கொள்வது.

சென்னை பெருத்து இந்தப் பக்கம் வர வர, நிலம் என்றால் சென்ட் என்ன விலை என்ற ஒரே கேள்வி மிஞ்சியது. பஞ்சமி நிலங்கள் பெருமளவில் பிறர் கைக்குப் போயின. காரணை ஊரின் நிலத்தை மீட்கும் போராட்டத்தில் 1994 அக்டோபர் 10 அன்று செங்கல்பட்டில் போலீஸ் சுட்டதில் ஜான் தாமஸ், ஏழுமலை என்ற இருவர் உயிரிழந்தார்கள். ஒரு பொருளுக்கு விலையைத் தாண்டிய நோக்கம் உண்டு என்று சொன்னதற்காக இந்த மண்ணில் கொடுக்கப்பட்ட உயிர்கள் அவை. மதிப்பு என்பதை வெறும் கருத்தாகப் பேசுகிற மேடைகளில் இந்த இரண்டு பெயர்களும் சொல்லப்பட வேண்டும்.

1994ஆம் ஆண்டு ஊராட்சிச் சட்டத்தின் கீழ் இன்று கிராம சபையில் உட்காரக் கால் வேலி நிலம் வேண்டாம், வேதம் வேண்டாம். வாக்காளர் பட்டியலில் பெயர் இருந்தால் போதும். ஆண்டுக்கு ஆறு நாள் சபை கூடுகிறது. அவற்றில் மார்ச் 22 தண்ணீர் தினம், நவம்பர் 1 உள்ளாட்சி தினம். பராந்தகன் காலத்தில் ஏரியில் மண் சுமந்தவருக்கு இல்லாத கேட்கும் உரிமை இப்போது அவருக்கும் அவர் மனைவிக்கும் இருக்கிறது. அந்தச் சபைகளில் வாசிக்கப்படும் கணக்கு பெரும்பாலும் வந்த நிதியும் செலவான நிதியும்தான். உத்திரமேரூர் ஒன்றியத்தின் ஊராட்சிகள் அதோடு இன்னும் சில பத்திகளைச் சேர்த்து வாசிக்கலாம். ஏரியில் இந்த ஆண்டு எவ்வளவு வண்டல் எடுத்தோம், வரத்துக் கால்வாயில் எந்த இடம் அடைபட்டிருக்கிறது என்பது ஒரு பத்தி. ‘அ’ பதிவேட்டின்படி ஊரில் பஞ்சமி நிலம் எத்தனை ஏக்கர், இப்போது யார் அனுபவத்தில் என்பது இன்னொன்று. படுக்கையில் கிடக்கும் முதியவர் எத்தனை பேர், அவர்களைப் பார்த்துக்கொள்வது யார், அவருக்கு ஊர் என்ன செய்கிறது என்பது மூன்றாவது. மலையில் எவ்வளவு கல் எடுத்தார்கள், அதில் ஊருக்கு வந்த பங்கு எவ்வளவு என்பது நான்காவது. இதற்குப் புதிய சட்டம் எதுவும் தேவையில்லை. ஒரு தீர்மானம் போதும். கிராம நிர்வாக அலுவலரிடமும் ஊராட்சிச் செயலரிடமும் பாதித் தகவல் ஏற்கெனவே இருக்கிறது. மீதியை அந்தந்த ஊர்ப் பெண்களிடம் கேட்டால் ஒரு வாரத்தில் எழுதி முடித்துவிடலாம்.